படம் பேச ஆரம்பிச்சப்போ சின்ன நடிகருக்கு என்ன ஆச்சு? குர்ட் கெரோனை வெச்சு ஒரு எளிய விளக்கம்

ஊமைப்படம் போய் பேசும்படம் வந்த கதைய யார் சொன்னாலும் ஒரே மாதிரிதான் இருக்கும். பெரிய ஸ்டார் ஒருத்தர் இருந்தார், குரல் கீச்சுன்னு இருந்துச்சு, மைக் வந்ததும் மார்க்கெட் போச்சு, அவ்ளோதான். அது பொய் இல்ல, ஆனா அது ஸ்டாருங்க கதை. படத்துல நாலு சீன் மட்டும் வர்ற ஆளு, ஹோட்டல் முதலாளியா, ரவுடியா, டாக்டரா, வக்கீலா வந்துட்டுப் போயிடுற ஆளு, முகத்தப் பாத்தா "அட இவரா"ன்னு தோணும் ஆனா பேரு ஞாபகம் வராது, அந்த மாதிரி ஒருத்தருக்கு இந்த மாற்றம் எப்படி இருந்துச்சுன்னு யாரும் பெருசா பேசுறதில்ல. ஜெர்மனியில அப்படி ஒரு நடிகர் இருந்தார், பேரு குர்ட் கெரோன். எனக்கு இவர் மேல ரொம்ப நாளா ஒரு ஈடுபாடு. பேசும்படம் வந்ததுல உண்மையில என்ன மாறுச்சுன்னு புரிஞ்சுக்க பெரிய ஹீரோக்களவிட இவர் வாழ்க்கைதான் சரியான வழின்னு நினைக்கிறேன், அதனால இவர வெச்சே சொல்றேன்.

முதல்ல ஊமைப்படம்னா என்னன்னு கொஞ்சம் தெளிவாக்கிக்கலாம். பேருதான் ஊமை, தியேட்டர்ல அமைதியா யாரும் படம் பாக்கல. சின்ன ஊர் கொட்டகையில ஒரு பியானோ, பெர்லின் மாதிரி ஊர்ல பெரிய தியேட்டர்ல முழு ஆர்கெஸ்ட்ராவே உக்காந்து வாசிக்கும். வசனம் வேணும்ங்கிற இடத்துல நடுவுல எழுத்து அட்டை வரும், படிச்சுக்க வேண்டியதுதான். இதுல இருந்த பெரிய வசதி என்னன்னா நடிகர் எந்த மொழிக்காரர்ங்கிறது யாருக்கும் தேவையே இல்ல. பாப்ஸ்ட்னு ஒரு பெரிய டைரக்டர் 1929-ல எடுத்த 'டைரி ஆஃப் எ லாஸ்ட் கேர்ள்' படத்துல ஹீரோயின் லூயிஸ் ப்ரூக்ஸ், அமெரிக்காவுல கன்சாஸ் பக்கத்துப் பொண்ணு, அதே படத்துல டாக்டர் வேஷத்துல நம்ம கெரோன், பெர்லின்காரர். கேமரா முன்னாடி அந்தம்மா இங்கிலீஷ்ல பேசலாம், இவர் ஜெர்மன்ல பேசலாம், ஒண்ணும் ஆகாது, உதடு அசையுது அவ்ளோதானே. படத்த வேற நாட்டுக்கு விக்கணும்னா எழுத்து அட்டைய மட்டும் மாத்தினா போதும். ஜெர்மன் படங்கள் அந்தக் காலத்துல உலகம் பூரா ஓடினதுக்கு இது ஒரு முக்கியமான காரணம்.

கெரோன் 1897-ல பெர்லின்ல ஒரு யூத வியாபாரக் குடும்பத்துல பிறந்தவர், சொந்தப் பேரு கெர்சன், மேடைக்காக கெரோன்னு மாத்திக்கிட்டார். முதல் உலகப் போர்ல மோசமா காயம்பட்டார், மருத்துவம் படிக்கப் போனார், அப்புறம் அதை விட்டுட்டு 1920 வாக்குல நடிக்க வந்துட்டார். ஆளு நல்ல உயரம், நல்ல பருமன், பெரிய முகம், வாயில அடிக்கடி ஒரு சுருட்டு. ஊமைப்பட டைரக்டர்களுக்கு இந்த உடம்புதான் தேவைப்பட்டுச்சு, வேற எதுவும் இல்ல. குண்டா மிரட்டலா ஒருத்தர் வேணும்னா கெரோனக் கூப்பிடு, துறைமுகத் தொழிலாளியா, மதுக்கடைக்காரனா, கூட்டத்துல நிக்கிற முரடனா. 1925-ல வந்த 'வரியேட்டே'ங்கிற பேர் பெத்த படத்துல கூட அவருக்கு அப்படி ஒரு சின்ன வேஷம்தான். பத்து வருஷத்துக்குள்ள டஜன் கணக்குல படம் பண்ணிட்டார், ஆனா எல்லாத்துலயும் உருவம் மட்டும்தான் நடிச்சுது.

ஆனா சாயந்திரம் ஆச்சுன்னா கதையே வேற. அன்னைக்கு பெர்லின்ல துணை நடிகர்களுக்கு பகல்ல ஸ்டுடியோ, சாயந்திரம் நாடக மேடை, அதுக்கப்புறம் ராத்திரி கபரேன்னு மூணு இடத்துலயும் வேலை இருக்கும். கபரேன்னா நாம இப்ப நினைக்கிற ஆட்டம் மட்டும் இல்ல, ஒரு சின்ன மேடையில நின்னு நாட்டு நடப்ப நக்கலடிச்சு பாடுறது, பேசுறது, எதிர்ல உக்காந்து குடிச்சுக்கிட்டே பாக்குற கூட்டத்த குரலாலேயே கட்டிப் போடுறது. அங்க கெரோன் ஒரு பெரிய ஆளு. அந்தக் குரல் இருக்கே, கனமா, கொஞ்சம் கரகரன்னு, ஆனா ஒவ்வொரு வார்த்தையும் தெளிவா வெட்டி வெட்டி விழும், மிரட்டுறாரா கொஞ்சுறாரான்னே சொல்ல முடியாத ஒரு குரல். பகல்ல கேமரா முன்னாடி அந்தக் குரலுக்கு வேலையே இல்ல. யோசிச்சுப் பாருங்க, ஒரு மனுஷனோட பெரிய திறமைய வெளிய விட்டுட்டு வெறும் உடம்ப மட்டும் ஸ்டுடியோவுக்குள்ள கூப்பிட்டிருக்காங்க, பத்து வருஷமா!

1928 ஆகஸ்ட் 31, பெர்லின்ல ஷிஃப்பாவர்டாம் தியேட்டர்ல பெர்டோல்ட் பிரெக்ட் எழுதி குர்ட் வைல் இசை போட்ட 'த்ரீபென்னி ஓபரா' முதல் தடவை மேடையேறுது. அதுல கெரோனுக்கு ரெண்டு வேஷம், ஒண்ணு டைகர் பிரவுன்ங்கிற போலீஸ் அதிகாரி, இன்னொண்ணு ஆரம்பத்துல வந்து ஒரு கொலைகாரனப் பத்தி பாடுற தெருப் பாடகன். அந்தப் பாட்டுதான் பின்னாடி 'மேக் த நைஃப்'னு அமெரிக்கப் பாடகர்கள்லாம் பாடி உலகம் பூரா தெரிஞ்ச பாட்டு. கடைசி நேரத்துல சேர்த்த பாட்டு அது. அன்னைக்கு ராத்திரி பாட்டுக்கு வாசிக்க வேண்டிய கைப்பெட்டி ஆர்கன் சத்தமே வராம மக்கர் பண்ணிடுச்சாம், கெரோன் முதல் சரணத்த துணையில்லாம வெறும் குரல்லயே பாடினாராம், ரெண்டாவது சரணத்துலதான் கீழ இருந்த இசைக்குழு சேந்துக்கிச்சுன்னு அந்த ராத்திரியப் பத்தி சொல்லுவாங்க. உலகத்துலயே அந்தப் பாட்ட மேடையில முதல்ல பாடின வாய் இவரோடது. ஆனா அதே வருஷம் சினிமாவுல அவர் இன்னும் ஊமைதான்.

இப்ப டெக்னிக்கல் பக்கம் வருவோம், இது புரியலன்னா மத்தது புரியாது. சத்தத்த படத்தோட சேக்க ரெண்டு வழி இருந்துச்சு. ஒண்ணு, கிராமஃபோன் ரெக்கார்டுல சத்தத்த பதிஞ்சு ப்ரொஜெக்டரோட சேத்து ஓட்டுறது. இதுல ஊசி ஒரு தடவை எகிறிக் குதிச்சா போச்சு, ஹீரோ வாய்ல ஹீரோயின் குரல் வரும். ரெண்டாவது வழி, சத்தத்தயே ஃபிலிம் மேல வெளிச்சமா எழுதிடுறது. மைக் குரல மின்சாரமா மாத்தும், அந்த மின்சாரம் ஒரு விளக்கோட வெளிச்சத்த கூட்டிக் குறைக்கும், அந்த வெளிச்சம் ஃபிலிம் ஓரத்துல ஒரு மெல்லிய பட்டையா பதியும். தியேட்டர்ல திருப்பி ஓட்டும்போது அந்தப் பட்டை வழியா வெளிச்சத்த விட்டா, அந்தப் பக்கம் இருக்குற ஃபோட்டோசெல் வெளிச்சம் கூடுறது குறையுறத திரும்ப மின்சாரமா மாத்தி ஸ்பீக்கருக்கு அனுப்பும். படமும் சத்தமும் ஒரே ஃபிலிம்ல இருக்கறதால பிரியவே பிரியாது. கடைசியில நின்னது இந்த ரெண்டாவது வழிதான்.

இந்த வெளிச்ச முறையில ஜெர்மன்காரங்க ரொம்ப சீக்கிரமே இறங்கிட்டாங்க. ஃபோக்ட், எங்கல், மசோலேன்னு மூணு பேர் சேந்து கண்டுபிடிச்ச 'ட்ரை எர்கோன்' முறைய 1922 செப்டம்பர் 17-ம் தேதி பெர்லின் அல்ஹாம்ப்ரா தியேட்டர்ல பொதுமக்களுக்கே போட்டுக் காட்டிட்டாங்க, அமெரிக்காவுல பேசும்படம் பரபரப்பாகுறதுக்கு அஞ்சு வருஷம் முன்னாடி. அப்புறம் ஏன் முந்தலன்னு கேட்டா, நாட்டோட பெரிய கம்பெனியான ஊஃபா 1925 டிசம்பர்ல இந்த முறையில ஒரு சின்னப் படம் எடுத்து திரையிட்டப்போ சத்தம் சொதப்பிடுச்சு, கம்பெனி வேற கடன்ல தத்தளிச்சுக்கிட்டு இருந்துச்சு, அப்படியே மூட்டை கட்டி வெச்சுட்டாங்க. 1928-ல அமெரிக்காவுல இருந்து அலை அடிச்சதுக்கப்புறம்தான் அவசர அவசரமா டோபிஸ்னு ஒரு கம்பெனியும், சீமென்ஸும் ஏஇஜியும் சேந்து க்ளாங்ஃபிலிம்னு இன்னொரு கம்பெனியும் ஆரம்பிச்சு, அடுத்த வருஷம் ரெண்டும் கை கோத்துக்கிட்டு, அமெரிக்காக்காரங்களோட பேட்டன்ட் சண்டை போட்டு, 1930 ஜூலையில பாரிஸ்ல ஒப்பந்தம் போட்டு உலகத்தயே ஏரியா ஏரியாவா பங்கு பிரிச்சுக்கிட்டாங்க.

1929 ரெண்டுங்கெட்டான் வருஷம். அந்த வருஷ ஜனவரியில ஒரு படம் வந்துச்சு, ஹாரி லீட்கேன்னு அன்னைக்கு பெண்கள் கொண்டாடின ஸ்டார், கூட இன்னும் பெருசா பேர் வாங்காத மார்லீன் டீட்ரிஷ். படம் பூரா ஊமை, ஒரே ஒரு பாட்டுக்கு மட்டும் சத்தம். திரையில வாயசைக்கிறது லீட்கே, பாடுறது ரிச்சர்ட் டாபர்ங்கிற பிரபல பாடகர். ஒருத்தர் உதடு, இன்னொருத்தர் குரல்னு அப்பவே ஆரம்பிச்சாச்சு. நம்ம ஊர் ஆளுங்களுக்கு பின்னணிப் பாட்டு சாதாரண விஷயம், ஆனா அன்னைக்கு ஜெர்மன் ரசிகனுக்கு அது ஒரு அதிர்ச்சி.

அதே 1929-ல ஊஃபா பெர்லின் பக்கத்துல நொய்பாபல்ஸ்பெர்க்ல புதுசா ஒரு ஸ்டுடியோ கட்டுச்சு, மேல இருந்து பாத்தா சிலுவை வடிவம், நாலு கையும் நாலு ஷூட்டிங் தளம், செங்கல் சுவர், ஜன்னலே கிடையாது. வெளிச் சத்தம் உள்ள வரக்கூடாதுன்னு அப்படி. பழைய ஸ்டுடியோ கண்ணாடி வீடு மாதிரி இருக்கும், சூரிய வெளிச்சம் வேணுமே, ஒரே கொட்டகையில ரெண்டு மூணு படம் பக்கத்துல பக்கத்துல நடக்கும், தச்சன் ஆணி அடிச்சுக்கிட்டே இருப்பான், டைரக்டர் டேக் ஓடும்போதே "இப்ப திரும்பு, இப்ப அழு, இன்னும் அழு"ன்னு கத்திக்கிட்டே இருப்பார். புது ஸ்டுடியோவுல கதவ மூடி சிவப்பு விளக்கு போட்டா யாரும் தும்மக் கூடாது. கேமரா ஓடுற சத்தம் மைக்ல விழுதுன்னு கேமராவையும் கேமராமேனையும் சேத்து ஒரு பெட்டிக்குள்ள அடைச்சாங்க, அதனால கேமரா நகர முடியல. சத்தம் போடுற பழைய ஆர்க் விளக்கத் தூக்கிட்டு பெரிய பெரிய பல்பு போட்டாங்க, தளம் அடுப்பு மாதிரி கொதிக்கும். மைக்குக்கு காது மந்தம் வேற, கொஞ்சம் தள்ளிப் போனா கேக்காது, அதனால நடிகர் மைக் இருக்குற இடத்துல நின்னுதான் பேசணும். சத்தங்கள தனித்தனியா எடுத்து அப்புறமா சேக்குற வசதி அப்ப சரியா வரல, பாட்டு சீன்னா இசைக்குழுவையும் அங்கேயே உக்கார வெச்சு ஒரே மூச்சுல எடுக்கணும், யாராவது ஒருத்தர் தப்பு பண்ணா மொத்தமும் திரும்ப.

இங்கதான் நடிகருக்கு நடிகர் வித்தியாசம் வந்துச்சு. டைரக்டர் கத்துறத கேட்டு கேட்டு துண்டு துண்டா முகபாவம் குடுத்துப் பழகின ஸ்டாருக்கு, மூணு நிமிஷம் நிறுத்தாம வசனம் சொல்லு, நேரம் தவறாம சொல்லு, யாரும் உதவிக்கு வரமாட்டாங்கன்னா கை கால் உதறும். கபரேயில தினம் ராத்திரி ஒத்தையா நின்னு கூட்டத்த சமாளிச்சவருக்கு அது தினப்படி வேலை. எந்த வார்த்தைக்கு முன்னாடி ஒரு நொடி நிறுத்தணும், எங்க குரல இறக்கினா கூட்டம் சிரிக்கும்ங்கிறது அவருக்கு ரத்தத்துல ஊறின விஷயம். அதனால 1930-ல திடீர்னு சின்ன நடிகர்களுக்கு ஒரு நல்ல காலம். ஓட்டோ வால்பர்க்னு ஒருத்தர், பதட்டத்துல வார்த்தைகள் ஒண்ணு மேல ஒண்ணு உருண்டு விழுற மாதிரி பேசுவார், அந்தப் பேச்சுக்காகவே படம் படமா கூப்பிட்டாங்க. அடெலே சாண்ட்ராக்னு ஒரு வயசான நாடக நடிகை, அந்தக் காலத்துல பெரிய சோக நாயகி, அவங்களோட கட்டக் குரல் மைக்ல வந்ததும் கண்டிப்பான பாட்டி வேஷத்துக்கு அவங்கள விட்டா ஆளே இல்லன்னு ஆகிடுச்சு. ஃபெலிக்ஸ் ப்ரெஸ்ஸார்ட், இழுத்து இழுத்துப் பேசுற சோகமூஞ்சி காமெடியன், அவரும் இதே அலையில வந்தவர்தான். இவங்க யாரும் ஹீரோ இல்ல. ஆனா தியேட்டர விட்டு வெளிய வர்றவன் வாயில இவங்க வசனம்தான் இருக்கும்.

கெரோனுக்கு அந்தத் திருப்பம் 'தி ப்ளூ ஏஞ்சல்'. ஜோசஃப் ஃபான் ஸ்டெர்ன்பெர்க் டைரக்‌ஷன், 1930 ஏப்ரல் 1 பெர்லின் க்ளோரியா பலாஸ்ட்ல ரிலீஸ். ஹீரோ எமில் யானிங்ஸ், முதல் ஆஸ்கர் விழாவுலயே சிறந்த நடிகர் விருது வாங்கினவர், ஹாலிவுட்ல பெரிய சம்பளத்துல இருந்தார், பேசும்படம் வந்ததும் ஜெர்மன் வாடை அடிக்கிற இங்கிலீஷ வெச்சு அங்க ஒண்ணும் பண்ண முடியாதுன்னு ஊர் திரும்பினவர். கண்டிப்பான ஒரு பள்ளிக்கூட வாத்தியார் கபரே பாடகி மேல மயங்கி, அவள கல்யாணம் பண்ணி, சீரழிஞ்சு போற கதை. பாடகி மார்லீன் டீட்ரிஷ். அந்த ஊர் ஊரா சுத்துற கபரே குழுவோட தலைவர், மேஜிக் பண்றவர், கீபெர்ட்ங்கிற வேஷம், அதுதான் கெரோன்.

இந்தப் படத்துல சத்தத்த எப்படி யூஸ் பண்ணிருக்காங்கன்னு கவனிச்சா ஒரு பாடமே இருக்கு. மேடைக்குப் பின்னாடி டிரெஸ்ஸிங் ரூம், அங்கதான் பாதிப் படம் நடக்குது. கதவு திறந்தா வெளிய நடக்குற பாட்டு, கூட்டத்தோட கூச்சல் எல்லாம் குபுக்குன்னு உள்ள வரும், கதவு மூடினா டக்குனு அமைதி. இன்னைக்கு நமக்கு இது சாதாரணம், ஆனா அன்னைக்கு பல பேசும்படங்கள்ல எல்லாரும் மைக்க சுத்தி நின்னு ஓயாம பேசிக்கிட்டே இருந்தாங்க, சத்தம் இருந்தாதானே அமைதின்னு ஒண்ணு இருக்கும்ங்கிறத சீக்கிரம் புரிஞ்சுக்கிட்ட படம் இது. அந்த ரூமுக்குள்ள கெரோன் நுழையுறதப் பாக்கணும். வாத்தியார்னு தெரிஞ்சதும் குழைஞ்சு, மரியாதைய மேல மேல அடுக்கிப் பேசுற ஒரு குரல். தன் குழுவுல இருக்குற பொண்ணுங்களப் பாத்து உறுமுறப்போ வேற குரல். பின்னாடி அந்த வாத்தியார் தன்கிட்டயே கோமாளியா வேலை பாக்குற நிலைக்கு வந்ததுக்கப்புறம் அதே மரியாதை வார்த்தைகள அதே பணிவோட சொல்ற மாதிரி சொல்லி ஏவுற குரல். உடம்பு அதே உடம்புதான். பத்து வருஷம் ஊமைப்படத்துல இருந்த அதே குண்டு மனுஷன், குரல் சேந்ததும் ஒரு முழு ஆளா, பணம், பயம், தந்திரம், கொஞ்சம் பாசம் எல்லாம் உள்ள ஆளா ஆகிடுறார்.

கடைசிப் பக்கத்துல ஒரு காட்சி, எனக்கு எப்ப பாத்தாலும் வயித்தப் பிசையும். வாத்தியாரோட சொந்த ஊர்லயே, அவர்கிட்ட படிச்ச பசங்க, கூட வேலை பாத்தவங்க எல்லாம் உக்காந்திருக்குற மேடையில, அவர கோமாளி வேஷத்துல நிக்க வெச்சு மேஜிக் பண்றார் கீபெர்ட். வாத்தியார் மூக்குல இருந்து முட்டை எடுத்து வாத்தியார் தலையிலயே உடைக்கிறார். அப்புறம் சேவல் மாதிரி கூவச் சொல்றார். ஒரு பக்கம் கெரோன் கூட்டத்தப் பாத்து உற்சாகமா ஷோ நடத்துற வியாபாரக் குரல், அதே மூச்சுல பக்கத்துல நிக்கிறவர் காதுக்கு மட்டும் போற மிரட்டல் குரல், கூவு, கூவுன்னு. கடைசியில யானிங்ஸ் தொண்டையில இருந்து வர்ற கூவல் மனுஷக் குரலே இல்ல. இந்தக் காட்சிய எழுத்து அட்டை போட்டு எடுத்திருக்கவே முடியாது. ஆஸ்கர் வாங்கின ஹீரோவோட மிகப் பெரிய காட்சி, ஆனா அதுக்குத் தாளம் போடுறது துணை நடிகரோட குரல்.

அதுக்கப்புறம் வேகமா நடக்குது. அதே வருஷம் செப்டம்பர்ல வந்த 'பெட்ரோல் பங்க் மூணு பேர்' கதை, ஜெர்மன்ல சக்கப்போடு போட்ட பாட்டுப் படம், அதுல வக்கீல் வேஷம். அடுத்து ஊஃபாவுலயே குறும்படங்கள் டைரக்ட் பண்றார், கபரே நிகழ்ச்சிய அப்படியே படமாக்குற வரிசை, பிறகு முழு நீளப் படங்கள். 1932-ல ஹான்ஸ் ஆல்பர்ஸ் மாதிரி பெரிய ஹீரோவ வெச்சு போதைப்பொருள் கடத்தலப் பத்தி ஒரு படம் எடுக்குற அளவுக்கு வந்துட்டார். ஆனா எல்லாமே வாய்ச்சுதுன்னு சொல்ல முடியாது. 'த்ரீபென்னி ஓபரா' 1931-ல படமானப்போ அந்தத் தெருப் பாடகன் பாட்ட எர்ன்ஸ்ட் புஷ் பாடினார், டைகர் பிரவுன் வேஷம் ரைன்ஹோல்ட் ஷூன்ட்ஸெலுக்குப் போச்சு. மேடையில முதல்ல பாடினவர் படத்துல இல்லவே இல்ல.

இதுவரைக்கும் படிச்சா குரல் வந்தது வரம்னு தோணும். அதுக்கு ஒரு விலை இருந்துச்சு, அது மொழி. எழுத்து அட்டைய மாத்தி உலகம் பூரா வித்த காலம் போயிடுச்சுல்ல, இப்ப ஜெர்மன்ல பேசினா பிரெஞ்சுக்காரனுக்குப் புரியாது. டப்பிங் தொழில்நுட்பம் இன்னும் சரியா வரல. அதனால ஒரு விசித்திரமான ஏற்பாடு பண்ணாங்க, அதே செட்டு, அதே கதை, ஒரே படத்த ரெண்டு மூணு மொழியில அடுத்தடுத்து எடுக்குறது. 'ப்ளூ ஏஞ்சல்' ஜெர்மன்லயும் இங்கிலீஷ்லயும் சேத்தே எடுத்தாங்க, அதே நடிகர்கள் தட்டுத் தடுமாறி இங்கிலீஷும் பேசினாங்க. ஆனா பொதுவா ஆள மாத்திடுவாங்க. நடுக்கடல்ல விமானத் தளம்னு ஒரு கதை, 1932-ல எடுத்தாங்க, ஜெர்மன் படத்துல ஹான்ஸ் ஆல்பர்ஸ், இங்கிலீஷ்ல கான்ராட் ஃபைட், பிரெஞ்சுல சார்ல்ஸ் போயர். மூணு மொழியும் பேசத் தெரிஞ்ச லிலியன் ஹார்வி மாதிரி சில பேர் எல்லா வெர்ஷன்லயும் இருப்பாங்க, அவங்களுக்கு மூணு மடங்கு வேலை. துணை நடிகருக்கு அந்த சலுகை கிடைக்காது, நாலு சீன் வேஷத்துக்கு பாரிஸ்ல இருந்தே ஒருத்தர கூட்டிட்டு வந்துடலாமே.

இன்னொரு உதாரணம் சொன்னா நல்லா புரியும். ஆனி ஓண்ட்ரா, செக் மொழி பேசுற நடிகை, ஊமைப்படத்துல லண்டன்ல ஹீரோயினா இருந்தாங்க. 1929-ல ஹிட்ச்காக் 'ப்ளாக்மெயில்' படத்த பேசும்படமா மாத்தினப்போ அவங்க உச்சரிப்பு லண்டன் பொண்ணு மாதிரி இல்லன்னு, அவங்க கேமரா முன்னாடி வாயசைக்க, ஜோன் பாரிங்கிற நடிகை ஃப்ரேமுக்கு வெளிய நின்னு அதே நேரத்துல வசனம் சொன்னாங்க. லண்டன்ல அதோட முடிஞ்சுது. ஆனா பெர்லின் வந்தாங்க, அதே உச்சரிப்பு ஜெர்மன் ரசிகர்களுக்கு அழகா இருந்துச்சு, வரிசையா ஹிட். ஒரு எல்லையத் தாண்டினா குறை, இந்தப் பக்கம் வந்தா அழகு. ஊமைப்படத்துல இந்த எல்லைக்கோடே கிடையாது.

தியேட்டர்ல வாசிச்சுக்கிட்டு இருந்த இசைக்கலைஞர்கள் பட்ட கஷ்டத்தையும் சொல்லியாகணும். ஸ்பீக்கர் வந்ததும் ஆயிரக்கணக்கான பேர் வேலை போய் நின்னாங்க, அதுவும் பொருளாதார நெருக்கடி சமயத்துல. இசைக்கலைஞர் சங்கமும் மேடைக் கலைஞர் சங்கமும் சேந்து, பேசும்படம் வேணாம், உயிருள்ள இசைய கேளுங்கன்னு மக்களுக்கு நோட்டீஸ் அடிச்சுக் குடுத்தாங்க. ஒண்ணும் நடக்கல.

சரி, மொழி ஒரு விலைன்னு சொன்னேன்ல, கெரோன் அதக் கட்டின வருஷம் 1933. ஹிட்லர் ஜனவரியில ஆட்சிக்கு வந்தார், மார்ச் 29-ம் தேதி ஊஃபா நிர்வாகம் கூடி யூதர்களோட ஒப்பந்தங்கள முறிக்க முடிவு பண்ணுச்சு, யாரும் அதட்டி உத்தரவு போடுறதுக்கு முன்னாடியே. ஏப்ரல் 1, நாடு பூரா யூதர்கள் கடைகளப் புறக்கணிக்கிற நாள், அன்னைக்கு கெரோன் ஊஃபாவுல ஒரு படம் டைரக்ட் பண்ணிக்கிட்டு இருந்தார், தளத்துல இருந்து வெளிய அனுப்பிட்டாங்க. 'ப்ளூ ஏஞ்சல்' ரிலீஸாகி அன்னையோட சரியா மூணு வருஷம்.

பாரிஸ் போனார், வியன்னா போனார், அப்புறம் ஆம்ஸ்டர்டாம். இந்த இடத்துலதான் பேசும்படம்னா என்னங்கிறது எனக்கு முழுசா உறைச்சுது. ஊமைப்பட நடிகரா மட்டும் இருந்திருந்தா, அந்த உடம்பும் முகமும் எந்த நாட்டு கேமரா முன்னாடியும் வேலைக்கு ஆகியிருக்கும். ஆனா அவர உயர்த்தினது பெர்லின் ஜெர்மன் பேசுற குரல். பிரெஞ்சு படத்துலயோ டச்சு படத்துலயோ அந்தக் குரலுக்கு இடம் இல்ல. அதனால நடிப்பு ஏறக்குறைய நின்னே போச்சு, கேமராவுக்குப் பின்னாடி நின்னு வேற மொழிப் படங்கள டைரக்ட் பண்ணார், 1935-ல இருந்து 1937 வரைக்கும் நெதர்லாந்துல மூணு படம். பாடணும்னா, தன்ன மாதிரியே ஓடி வந்த ஜெர்மன் அகதிகள் நடத்துற கபரே மேடைதான். யானிங்ஸ் ஹாலிவுட்ட விட்டு ஊர் திரும்பினதும் இதே மொழிப் பிரச்சனைக்குத்தான், ஆனா அவருக்குத் திரும்பிப் போக ஒரு ஊர் இருந்துச்சு.

1940-ல ஜெர்மன் படை நெதர்லாந்துக்குள்ள வந்துச்சு. அதே வருஷம் நாஜிகள் யூதர்கள இழிவுபடுத்தி எடுத்த ஒரு பிரச்சாரப் படத்துல கெரோன் பழைய படத்துல நடிச்ச துண்ட வெட்டி ஒட்டினாங்க, யூதன்னா இப்படித்தான் இருப்பான்னு காட்ட. அவர் சிரிக்க வைக்கப் பண்ண நடிப்ப அவருக்கு எதிரான சாட்சியா நிறுத்தினாங்க, இத நினைச்சா இன்னும் கொதிக்குது. 1943-ல அவர நெதர்லாந்துலயே யூதர்கள அடைச்சு வெச்ச வெஸ்டர்போர்க் முகாமுக்கு கொண்டு போனாங்க, 1944 ஆரம்பத்துல தெரசியன்ஸ்டாட் முகாமுக்கு. அங்க கைதிகளுக்காக 'கருசெல்'னு ஒரு கபரே நடத்தினார், கருசெல்னா ராட்டினம். அந்த வருஷம் ஆகஸ்ட், செப்டம்பர்ல முகாம் வாழ்க்கை நல்லா இருக்குன்னு உலகத்த நம்ப வைக்க ஒரு படம் எடுக்கச் சொல்லி அவர கட்டாயப்படுத்தினாங்க. பேசும்படம்தான் அதுவும், பிள்ளைங்க பாடுறது, கச்சேரி நடக்குறது எல்லாம் சத்தத்தோட. எடிட் பண்ண அவர விடல. அக்டோபர் 28-ம் தேதி தெரசியன்ஸ்டாட்ல இருந்து ஆஷ்விட்ஸ்ங்கிற கொலை முகாமுக்குப் போன கடைசி ரயில்ல அவரையும் மனைவி ஓல்காவையும் ஏத்தினாங்க, போய் இறங்கினதும் கொன்னுட்டாங்க. வயசு 47. முன்னாடி சொன்ன ஓட்டோ வால்பர்க்கும் அதே 1944-ல ஆஷ்விட்ஸ்லதான் செத்துப் போனார்.

1930-ல 'த்ரீபென்னி ஓபரா' பாட்டுகள கிராமஃபோன் ரெக்கார்டா பதிஞ்சாங்க, அதுல கெரோன் குரல் இருக்கு, இன்னைக்கும் கேக்கலாம். படம் பாக்கணும்னா 'ப்ளூ ஏஞ்சல்' ஜெர்மன் வெர்ஷனப் பாருங்க, இங்கிலீஷ் வெர்ஷன் அப்புறம். முதல் தடவை சப்டைட்டில் போட்டு கதைய தெரிஞ்சுக்கோங்க. ரெண்டாவது தடவை அந்த முட்டைக் காட்சிய மட்டும் சப்டைட்டில் இல்லாம ஓட விட்டு, கண்ண யானிங்ஸ் மேல வெச்சுட்டு காத கெரோன் பக்கம் குடுங்க.